கோலில் நிற்பவர் சும்மா நிற்பவர் அல்லர்

மாவட்டப் பள்ளி ஹாக்கிப் போட்டிகள் நெருங்கும் வாரங்களில் என் கைப்பேசிக்கு ஒரே மாதிரி அழைப்பு வரும். பெரும்பாலும் அம்மாக்கள்தான். "சார், பிள்ளையைக் கோலில் நிற்க வைத்துவிட்டார்களாம். ஓடத் தெரியாத பிள்ளை என்று ஒதுக்கிவிட்டார்களா?" கோலா பிலா, ஜுவாசே, பஹாவ் என்று எந்தப் பக்கத்திலிருந்து அழைப்பு வந்தாலும் கேள்வி மாறுவதில்லை. பள்ளிக் குழுக்களுக்குப் பயிற்சி கொடுத்தும் ஆட்டங்களுக்கு நடுவராக நின்றும் இந்த வட்டாரத்தில் எனக்கு வயதாகிவிட்டது. அதற்கு முன் நானும் ஒரு பள்ளிக் குழுவின் கோல் காவலர்தான். ஆகவே இந்தக் கேள்விக்கு விலாவாரியாகப் பதில் சொல்லும் உரிமை எனக்கு உண்டு என்று நினைக்கிறேன்.

கடைசியாகப் பேசிய அம்மா செம்பனைத் தோட்ட அலுவலகம் ஒன்றில் வேலை செய்பவர். மகள் படிவம் இரண்டு படிக்கிறாள். முதல் வாரப் பயிற்சியிலேயே பந்து தொடையில் பட்டு உள்ளங்கை அளவுக்குக் கன்றிப் போயிருக்கிறது. "பொம்பளைப் பிள்ளை சார். வேண்டாம் என்று ஆசிரியரிடம் சொல்லிவிடட்டுமா?" என்றார். சனிக்கிழமை வந்து பார்க்கிறேன், அதுவரை பொறுங்கள் என்றேன். அந்தச் சனிக்கிழமை பார்த்ததைப் பிறகு சொல்கிறேன். அதற்கு முன் ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

கோலா பிலாவிலிருந்து தெற்கே ஒரே சாலையைப் பிடித்துப் போனால் தம்பின் வந்துவிடும். அந்த ஊரில் 1979இல் பிறந்தவர்தான் எஸ். குமார். சுப்பிரமணியம் மகன் குமார் என்றால் சிலருக்குச் சட்டென்று தெரியாது. மலேசியாவின் கோல் காவலர் குமார் என்றால் ஹாக்கி பார்க்கிற எவருக்கும் தெரியும். நாட்டுக்காக 300க்கும் மேற்பட்ட அனைத்துலக ஆட்டங்கள். 2010 குவாங்சோ ஆசிய விளையாட்டுப் போட்டியில் வெள்ளி, 2018 ஜக்கார்த்தாவில் மறுபடியும் வெள்ளி. நம் அண்டை மாவட்டத்துப் பிள்ளை. ஓடத் தெரியாதவரை ஒதுக்கி வைக்கும் இடம் கோல் என்றால், ஒரு நாடு ஒருவரை அத்தனை ஆண்டுகள் அங்கே வைத்திருக்குமா?

நம் தோட்டங்களில் ஹாக்கி பிறந்த விளையாட்டல்ல. லயத்துக்குப் பக்கத்துத் திடலில் எந்நேரமும் உருண்டது காற்பந்துதான். ஹாக்கி மட்டையை நாங்கள் தொட்டதே தமிழ்ப்பள்ளி முடித்துப் பட்டணத்து இடைநிலைப்பள்ளிக்குப் பேருந்து ஏறிய பிறகு. ஆனால் அதற்கு முன்பே அந்தப் பெயர் தோட்டத்துக்குள் வந்துவிட்டது. 1975 மார்ச்சில் உலகக் கிண்ணப் போட்டி கோலாலம்பூரில் நடந்தது. அரையிறுதியில் மலேசியாவும் இந்தியாவும். மலேசியா 2-1 என்று முன்னிலையில் இருக்க, மாற்று ஆட்டக்காரராக வந்த அஸ்லாம் ஷேர் கான் பெனால்டி கார்னரில் சமன் செய்தார். கூடுதல் நேரத்தில் இந்தியா 3-2 என வென்று, பிறகு கிண்ணத்தையும் எடுத்துக்கொண்டது. வானொலியைச் சுற்றி உட்கார்ந்திருந்த எங்கள் லயத்துப் பெரியவர்களில் பாதிப் பேருக்கு யாருக்குக் கைதட்டுவது என்ற குழப்பம் கடைசிவரை தீரவே இல்லை.

நான் இடைநிலைப்பள்ளியில் கோலில் நின்ற காலத்தில் காலுக்குக் கட்டிக்கொள்ள இருந்தது கித்தான் துணிக்குள் பஞ்சும் பிரம்பும் வைத்துத் தைத்த ஒரே ஒரு ஜோடி 'பேட்'. மழையில் நனைந்தால் ஆளைவிடக் கனக்கும். தலைக்கவசம் கண்ணால் பார்த்ததில்லை. பால்மரம் வெட்டும் என் அப்பா ஒரே ஒருமுறை ஆட்டம் பார்க்க வந்தார். முடிந்ததும், "எல்லாரும் ஓடுறாங்க, நீ மட்டும் எதுக்குடா அரிசி மூட்டை கட்டிக்கிட்டு நிக்கிற?" என்றார். அதுதான் அவருடைய முழு விமர்சனம். இன்று அம்மாக்கள் கேட்பதும் ஏறக்குறைய அதே கேள்விதான், கொஞ்சம் மரியாதையாக.

பதில் விதிப்புத்தகத்திலிருந்தே தொடங்குகிறது. ஹாக்கியில் பதினொரு பேரில் ஒருவருக்கு மட்டும் தனிச் சட்டம். மற்றப் பத்துப் பேரின் காலில் பந்து பட்டால் தவறு. கோல் காவலர் காலால் உதைக்கலாம், உடம்பால் தடுக்கலாம், கையுறையால் தள்ளிவிடலாம். ஆனால் இந்தச் சலுகைக்கு மூன்று வேலிகள் உண்டு. அவை எங்கே இருக்கின்றன என்று தெரியாமல்தான் பள்ளி ஆட்டங்களில் பாதிச் சண்டை வருகிறது.

முதல் வேலி, கோலுக்கு முன்னால் வெள்ளைக் கோட்டால் வரைந்த வளையம். நாம் 'டி' என்று சொல்வது. கோல் கோட்டிலிருந்து 14.63 மீட்டர். பந்து இந்த வளையத்துக்குள் இருக்கும்வரைதான் கோல் காவலரின் கால்கள் அவருடையவை. பந்து வெளியே போய்விட்டால் அவரும் மற்றவர்களைப்போல மட்டையால் மட்டுமே ஆட வேண்டும். இங்கே பலர் தவறாகப் புரிந்துகொள்வது ஒன்று: கணக்கு பந்து இருக்கும் இடத்துக்குத்தான், ஆள் நிற்கும் இடத்துக்கு இல்லை. காவலர் கோட்டைத் தாண்டி நின்றாலும் பந்து உள்ளே இருந்தால் உதைக்கலாம். காவலர் உள்ளே நின்றாலும் பந்து கோட்டுக்கு வெளியே இருந்தால் உதைக்கக் கூடாது. கோடு வளையத்தைச் சேர்ந்தது. கோட்டின் மேல் இருக்கும் பந்து உள்ளே இருக்கும் பந்து.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு பள்ளி ஆட்டத்தில் நான் நடுவர். ஒரு பையன் தன் வளையத்தை விட்டு நான்கைந்து அடி ஓடி வந்து, எதிரணி முன்கள வீரன் தொடுவதற்கு முன் பந்தைக் காலால் ஓங்கி உதைத்துக் கோட்டுக்கு வெளியே அனுப்பிவிட்டான். திடலைச் சுற்றிக் கைதட்டல். நான் விசிலை ஊதிப் பெனால்டி கார்னர் காட்டினேன். பெற்றோர் ஒருவர் வேலியோரம் வந்து, "வளையத்துக்கு வெளியேதானே சார் நடந்தது, வெறும் ஃப்ரீ ஹிட்தானே?" என்று வாதாடினார். தெரியாமல் காலில் பட்டிருந்தால் அவர் சொன்னது சரி. 23 மீட்டர் கோட்டுக்குள் தற்காப்பு அணி வேண்டுமென்றே தவறு செய்தால் தண்டனை பெனால்டி கார்னர். ஓங்கி உதைத்தது தற்செயல் என்று யாரும் சொல்ல முடியாது. ஆட்டம் முடிந்ததும் அந்தப் பையனைக் கூப்பிட்டுக் கோட்டின் மேல் பந்தை வைத்து விளக்கினேன். அவனுக்கு இரண்டே நிமிடத்தில் புரிந்தது. வேலியோரத்து அப்பாவுக்குத்தான் நேரம் பிடித்தது.

இரண்டாவது வேலி மட்டை. காவலர் கையில் மட்டை இருந்தால்தான் இந்தச் சலுகைகள் எல்லாம். பாய்ந்து விழும்போது மட்டை நழுவிப் போனால், எழுந்து பந்தை உதைப்பதற்கு முன் மட்டையை எடுக்க வேண்டும். சின்னப் பிள்ளைகள் இதை அடிக்கடி மறந்துவிடுவார்கள். பயிற்சியில் ஒவ்வொரு முறை விழும்போதும் "மட்டை எங்கே?" என்று கேட்டுக்கொண்டே இருந்தால் ஒரு மாதத்தில் பழகிவிடும்.

மூன்றாவது வேலி 23 மீட்டர் கோடு. முழுக் கவசம் அணிந்த காவலர் அதைத் தாண்டிப் போய் ஆட்டத்தில் கலந்துகொள்ள முடியாது. ஒரே விதிவிலக்கு, அவரே எதிர்ப்பக்கம் போய்ப் பெனால்டி ஸ்ட்ரோக் அடிப்பது. தலைக்கவசத்தைக் கழற்றலாம் என்பதும் அந்த ஒரு தருணத்துக்கு மட்டும்தான்.

கையைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். கையுறையால் பந்தைத் தடுக்கலாம், ஆபத்தான இடத்திலிருந்து அப்பால் தள்ளலாம். கைப்பந்து ஆடுவதைப்போல ஓங்கி அடித்துத் தூரத்துக்கு அனுப்பக் கூடாது. பந்தின் மேல் படுத்துக்கொள்ளவும் கூடாது. பந்து கவசத்துக்கும் உடம்புக்கும் இடையே சிக்கிக்கொண்டால் அதற்கும் பெனால்டி கார்னர். வேண்டுமென்று செய்யவில்லை என்று அழுது பயனில்லை.

கனடாவில் டொரொண்டோ பக்கம் எனக்கு ஓர் உறவுக்காரப் பையன் இருக்கிறான். அங்கே ஹாக்கி என்றால் பனிக்கட்டியில் சறுக்கி ஆடுவது. பந்து கிடையாது, 'பக்' என்ற கறுப்பு ரப்பர் வில்லை. அவன் சொல்லக் கேட்டால் எனக்குச் சிரிப்பு வரும்: அங்கே காவலர் வில்லையைக் கையுறையால் அமுக்கிப் படுத்துவிட்டால் நடுவர் விசில் ஊதி ஆட்டத்தை நிறுத்தி மறுபடி தொடங்குவார். இங்கே அமுக்கினால் தண்டனை. ஆனால் அங்கேயும் வேலி உண்டு. நியூ ஜெர்சி அணியின் மார்ட்டின் புரோடர் போன்ற காவலர்கள் கோலுக்குப் பின்னால் ஓடி வில்லையை எடுத்து அடித்து, எதிரணியின் தாக்குதலையே முளையில் கிள்ளிக்கொண்டிருந்தார்கள். 2005ஆம் ஆண்டு தொடங்கிய பருவத்திலிருந்து வட அமெரிக்கத் தேசியக் குழுமம் கோலுக்குப் பின்னால் ஒரு சரிவகம் வரைந்து, கோல் கோட்டுக்குப் பின்னால் காவலர் அதற்குள் மட்டுமே வில்லையைத் தொடலாம் என்று விதி போட்டுவிட்டது. கெட்டிக்காரக் காவலர் ஒருவர் வந்தால் அவரைக் கட்டிப்போட ஒரு கோடு வரைகிறார்கள். எந்த நாட்டிலும் நிலைமை இதுதான் போலும்.

நம் பார்வையாளர்கள் அதிகம் கத்துவது இன்னொரு விஷயத்துக்கு. காவலர் காலாலோ மட்டையாலோ பந்தைத் திருப்பி, அது கோல் கோட்டுக்கு அப்பால் போனதும் "கார்னர்! கார்னர்!" என்று கூச்சல் எழும். வேண்டுமென்றே பந்தைத் தன் பின்கோட்டுக்கு வெளியே அனுப்பினால் தண்டனை என்பது மற்ற ஆட்டக்காரர்களுக்குத்தான். காவலர் எந்தத் திசையிலும் திருப்பிவிடலாம். தாக்கும் அணிக்குப் பந்து கிடைக்கும். ஆனால் அது வெளியேறிய இடத்துக்கு நேராக, 23 மீட்டர் கோட்டில். ஆகவே தெரிந்த காவலர், பந்தைக் கோலுக்கு முன்னால் கூட்டத்துக்குள் திருப்பி அனுப்ப மாட்டார். பக்கவாட்டில், முடியாவிட்டால் பின்னால். நான் பார்த்த பள்ளி ஆட்டங்களில் விழுந்த கோல்களில் பெரும்பகுதி முதல் அடியில் விழுந்தவை அல்ல. தடுக்கப்பட்டு முன்னால் உருண்ட பந்தை இன்னொருவன் வந்து தட்டிவிட்டவை.

இப்போது அந்தச் சனிக்கிழமைக்கு வருகிறேன்.

பள்ளித் திடலில் இருந்த கவசத் தொகுதி அந்தப் பிள்ளைக்கு இரண்டு அளவு பெரிது. தொடைக்கு எதுவுமே இல்லை; சாதாரண அரைக்கால் சட்டை. பையன்கள் ஐந்து மீட்டர் தூரத்திலிருந்து கடினப் பந்தால் ஓங்கி அடித்துக்கொண்டிருந்தார்கள். ஹாக்கிப் பந்தின் எடை 156 முதல் 163 கிராம். ஏறக்குறைய ஒரு கிரிக்கெட் பந்து. அந்தத் தூரத்திலிருந்து வந்தால் பெரியவர்களுக்கே கன்றிப் போகும். பொறுப்பாசிரியர் ஆர்வமானவர், இளைஞர், ஆனால் ஹாக்கி ஆடியவர் இல்லை. நான் சொன்னதை உடனே கேட்டுக்கொண்டார்: இரண்டு வாரம் டென்னிஸ் பந்து மட்டும், பிறகு கடினப் பந்து, அதுவும் வளையத்தின் விளிம்பிலிருந்து, தொடைக் கவசம் கிடைக்கும்வரை ஓங்கி அடிக்கும் பயிற்சி வேண்டாம்.

அம்மா மர நிழலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். நான் பையிலிருந்து ராஃபியா கயிற்றை எடுத்தேன். கோலின் இரண்டு கம்பங்களிலும் ஒரு முனையைக் கட்டி, மறுமுனை இரண்டையும் வளையத்தின் விளிம்பில் வைத்த பந்தோடு சேர்த்தேன். கோலின் அகலம் 3.66 மீட்டர். பிள்ளையைக் கோல் கோட்டின் மேலேயே நிற்கச் சொன்னேன். இரண்டு பக்கமும் கயிற்றுக்கும் அவளுக்கும் இடையே ஒரு ஆள் படுக்கிற அளவுக்கு இடைவெளி. "இப்போது பந்தைப் பார்த்து நான்கு அடி முன்னால் வா." வந்தாள். இடைவெளி குறைந்தது. "இன்னும் இரண்டு." கையையும் காலையும் விரித்தால் கயிற்றைத் தொட்டுவிடலாம் என்ற நிலை. "அம்மா, இங்கே பாருங்களேன்!" என்று அவளே கத்தினாள்.

கோணத்தைச் சுருக்குவது என்று இதைச் சொல்வார்கள். கோல் காவல் கலையில் பாதி இதுதான். பந்துக்கும் கோலின் நடுவுக்கும் இடையே கண்ணுக்குத் தெரியாத ஒரு கோடு இருக்கிறது. பந்து நகர நகரக் காவலர் அந்தக் கோட்டின் மேலேயே சின்னச் சின்ன அடிகளில் நகர வேண்டும். பந்து ஓரத்துக்குப் போனால் அந்தப் பக்கக் கம்பத்தை ஒட்டி. நடுவில் வந்தால் முன்னால். அதனால்தான் நல்ல காவலர் 'நிற்பது' போலத் தெரிகிறார். பாய்ந்து பாய்ந்து தடுப்பவர் கண்ணுக்கு அழகு. ஆனால் பல நேரம் அவர் பாய வேண்டி வந்ததே இடம் தவறி நின்றதால்தான்.

நிற்கும் விதத்துக்கும் முறை உண்டு. பாதங்கள் தோள் அகலம், முழங்கால் லேசாக மடங்கி, எடை முன்பாதத்தில், தலை கால்விரல்களுக்கு மேலே வருமாறு கொஞ்சம் முன்சாய்ந்து. இரண்டு கைகளும் உடம்புக்கு முன்னால், இடுப்பளவில், உள்ளங்கை பந்தைப் பார்த்து. மட்டை வலது கையில். குதிகாலில் எடையை வைத்து நிற்கும் பிள்ளை பந்து அடிக்கப்படும் நேரத்தில் பின்னால்தான் சாய்வாள். தரையோடு வரும் பந்தைத் தடுக்கப் பாதத்தைப் பந்தின் பக்கம் திருப்பிச் சரித்து வைத்தால், உட்பாதக் கிக்கரில் பட்டுப் பக்கவாட்டில் ஓடும். நேராகக் காட்டினால் முன்னால் குதிக்கும். இந்த ஒரு பாதத் திருப்பத்தை மட்டும் நூறு முறை செய்தால் போதும், ஒரு பருவத்தில் எத்தனையோ கோல்களை மிச்சப்படுத்தலாம்.

வாயும் ஒரு கருவி. திடல் முழுவதும் தெரிகிற ஒரே ஆள் காவலர்தான். யார் காவல் இல்லாமல் நிற்கிறார், எந்தப் பக்கம் திறந்திருக்கிறது என்று அவர் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். நம் பள்ளிகளில் மூவினப் பிள்ளைகளும் ஒரே குழுவில் ஆடுவதால் 'கிரி', 'கானான்' என்று மலாயில் கத்துவதுதான் வழக்கம். அவசரத்தில் "டேய், பின்னால!" என்று தமிழ் வந்து விழுவதும் உண்டு. அகமதுவுக்கும் ஆ சோங்குக்கும் அதுவும் புரிந்துவிடுகிறது.

பெனால்டி கார்னரில் படுப்பதா, நிற்பதா?

தொலைக்காட்சியில் பார்ப்பவர்கள் கேட்கும் கேள்வி இது. பெனால்டி கார்னரின்போது தற்காப்பு அணியில் காவலரோடு சேர்த்து ஐந்து பேர்தான் பின்கோட்டுக்குப் பின்னால் நிற்கலாம். மற்றவர்கள் நடுக்கோட்டுக்கு அப்பால். பின்கோட்டிலிருந்து தள்ளிவிடப்படும் பந்து வளையத்துக்கு வெளியே போய் வந்த பிறகே கோலை நோக்கி அடிக்க வேண்டும். அந்த முதல் அடி மட்டையை வீசி அடிக்கும் 'ஹிட்' ஆக இருந்தால், பந்து கோல் கோட்டைக் கடக்கும்போது 460 மில்லிமீட்டருக்கு மேல் உயரக் கூடாது. அதாவது கோலுக்குள் அடியில் வைத்திருக்கும் பலகையின் உயரம். ஏறக்குறைய முழங்கால் மட்டம். ஆகவே ஒரு காலத்துக் காவலர்கள் கணக்குப் போட்டார்கள்: பந்து கீழேதான் வரும் என்றால் நான் ஏன் நிற்க வேண்டும்? மரக்கட்டை சாய்ந்ததுபோல் கோலின் குறுக்கே பக்கவாட்டில் படுத்துவிட்டார்கள்.

பிறகு 'டிராக் ஃபிளிக்' வந்தது. பந்தை மட்டையில் ஒட்டி இழுத்து வந்து சுண்டிவிடுவது. சுண்டிவிடும் பந்துக்கு அந்த உயர வரம்பு கிடையாது. கோலின் உயரமான 2.14 மீட்டர் வரை எங்கே வேண்டுமானாலும் போகலாம். படுத்த காவலர்கள் எழுந்து நிற்க வேண்டியதாயிற்று. தேர்ந்த ஆட்டக்காரர் சுண்டும் பந்து மணிக்கு 100 கிலோமீட்டரைத் தாண்டும். வளையத்தின் விளிம்பிலிருந்து கோலுக்கு வர அரை வினாடி. கண் பார்த்து, மூளை முடிவெடுத்து, கை நகர அவ்வளவுதான் நேரம். அதனால் பெரிய காவலர்கள் பந்தை மட்டுமல்ல, அடிப்பவரின் முன்காலையும் தோளையும் பார்க்கிறார்கள். நம் படிவம் இரண்டு பிள்ளைகளுக்கு இந்த வேகம் வரப்போவதில்லை. ஆனால் பார்க்கும் பழக்கம் இப்போதே வர வேண்டும்.

2021 ஆகஸ்டு 5. தோக்கியோ ஒலிம்பிக்கில் வெண்கலப் பதக்க ஆட்டம். இந்தியா 5, ஜெர்மனி 4. கடைசி விநாடிகளில் ஜெர்மனிக்குப் பெனால்டி கார்னர். ஸ்ரீஜேஷ் அதைத் தடுத்தார். 41 ஆண்டுகளுக்குப் பிறகு இந்திய ஹாக்கிக்கு ஒலிம்பிக் பதக்கம் கிடைத்தது. ஆட்டம் முடிந்து அவர் கோல் கம்பத்தின் மேல் ஏறி உட்கார்ந்த படத்தை நீங்கள் பார்த்திருப்பீர்கள்.

எட்டு விநாடி

ஆட்டம் சமனில் முடிந்தால் முன்பெல்லாம் பெனால்டி ஸ்ட்ரோக் அடிப்பார்கள். சுமார் 6.4 மீட்டர் தூரத்தில் பந்து. காவலரின் இரண்டு கால்களும் கோட்டின் மேல். பந்து தொடப்படும்வரை கால் நகரக் கூடாது. காவலருக்கு அது பெரும்பாலும் அதிர்ஷ்டச் சீட்டு. இப்போது வெற்றியைத் தீர்மானிப்பது வேறு முறை. தாக்குபவர் 23 மீட்டர் கோட்டிலிருந்து பந்தோடு தொடங்குவார். காவலர் கோல் கோட்டிலிருந்து. விசில் ஊதியதும் இருவரும் நகரலாம். எட்டு விநாடிக்குள் கோல் போட வேண்டும்.

இது காவலருக்குச் சாதகமான ஏற்பாடு என்பது என் கருத்து. பலர் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். ஆனால் கடிகாரம் காவலரின் பக்கம் நிற்கிறது. வேகமாக வெளியே வந்து கோணத்தைச் சுருக்கி, முதலில் விழாமல் காலில் நின்று, தாக்குபவரை அவருக்குச் சங்கடமான பக்கத்துக்கு ஒதுக்கினால் விநாடிகள் தாமாகக் கரையும். முதலில் தரையில் விழுபவர் தோற்றார். ஆளை இடறிவிடுவதும் கூடாது. வேண்டுமென்றே செய்தால் பெனால்டி ஸ்ட்ரோக். தெரியாமல் நடந்தால் மறுபடி முதலிலிருந்து ஓட்டம்.

2018 ஆகஸ்டு 30ஆம் தேதி ஜக்கார்த்தாவில் குமார் செய்தது இதைத்தான். அரையிறுதியில் எதிரே இந்தியா. குழுச் சுற்றின் ஐந்து ஆட்டங்களில் 76 கோல் போட்டு வந்த அணி. ஹாங்காங்குக்கு எதிராக மட்டும் 26. மலேசியாவுக்கு எதிராக முழு நேரத்தில் அவர்களால் போட முடிந்தது இரண்டு. ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருக்கும்போது ராஸி ரஹிம் பெனால்டி கார்னரில் 2-2 ஆக்கினார். பிறகு ஒருவருக்கொருவர் ஓட்டம். ஐந்து முயற்சிகளிலும் முடிவு வராமல், திடீர் முடிவு முறைக்குப் போனது. கடைசியில் இந்தியாவின் சுனிலால் குமாரைத் தாண்ட முடியவில்லை. 7-6. அப்போது குமாருக்கு வயது 38.

இறுதியாட்டத்தில் ஜப்பான். வென்றால் தோக்கியோ ஒலிம்பிக்குக்கு நேரடி இடம். 6-6 என்று சமனாகி, அதே எட்டு விநாடி ஓட்டத்தில் ஜப்பான் 3-1 என்று வென்றது. இரண்டே நாள் இடைவெளி. நாடு முழுதும் தூக்கிவைத்துக் கொண்டாடிய காவலரே மறுநாளுக்கு மறுநாள் தலைகுனிந்து நடந்தார். இந்த வேலையில் இதுவும் உண்டு என்பதைப் பிள்ளையைக் கோலில் நிறுத்தும்போதே சொல்லிவிடுவது நல்லது. முன்களத்தில் ஆடுபவன் பத்து வாய்ப்பில் ஒன்பதைத் தவறவிட்டு ஒன்றைப் போட்டால் வீரன். காவலர் பத்தில் ஒன்பதைத் தடுத்தால், வீட்டுக்குப் போகும் பேருந்தில் எல்லாரும் பேசுவது அந்த ஒன்றைப் பற்றி.

ஜுவாசே பிள்ளை மாவட்டப் போட்டியில் மூன்று ஆட்டம் ஆடினாள். ஒன்றில் நான்கு கோல் வாங்கினாள். இன்னொன்றில், தனியாக வந்த முன்கள வீராங்கனையை நோக்கி நான்கு அடி வெளியே வந்து நின்றதைப் பார்த்தேன். பந்து நேராக அவள் காலில் வந்து பட்டது. கயிறு இல்லாத இடத்தில் கயிற்றைப் பார்க்கிறாள் என்று புரிந்தது. அம்மா இன்னும் முழுதாகச் சமாதானம் ஆகவில்லை. "இந்த வருஷம் மட்டும்" என்கிறார். நான் வற்புறுத்தவில்லை, கன்றிப்போன தொடையைத் தைலம் போட்டு நீவிவிட்டவர் அவர்தான்.

மற்றப் பெற்றோர்களுக்கு நான் சொல்வது, வேண்டாம் என்று முடிவு செய்யும் முன் பள்ளிக்குப் போய்க் கவசங்களைக் கண்ணால் பாருங்கள் என்பதுதான். முழுக் கவசக் காவலர் என்று விதி கேட்பது தலைக்கவசம், கால்கவசம், பாதத்துக்குக் கிக்கர். மற்றவர்களிடமிருந்து வேறுபட்ட நிறச் சட்டை. அவ்வளவோடு விதி திருப்தியடையும். நீங்கள் திருப்தியடையக் கூடாது. மார்புக் கவசம், தொண்டைக் கவசம், இரண்டு கைக்கும் கையுறை, தொடையை மூடும் திண்டு வைத்த கால்சட்டை, ஆணுக்கும் பெண்ணுக்கும் தனித்தனியான இடுப்புக் கவசம். இவற்றில் ஒன்று குறைந்தாலும் கடினப் பந்தில் பயிற்சி வேண்டாம் என்று தயங்காமல் சொல்லுங்கள். தலைக்கவசம் ஆடாமல் இருக்கிறதா, தாடைப் பட்டை பிடிக்கிறதா என்று தலையை உலுக்கச் சொல்லிப் பாருங்கள்.

விலைதான் சிக்கல். ஒரு முழுத் தொகுதி ஆயிரக்கணக்கான ரிங்கிட் ஆகிவிடும். ஸ்ரீஜேஷுக்கு முதல் கவசம் வாங்க அவருடைய அப்பா பசுவை விற்றார் என்பது கேரளத்தில் எல்லாரும் அறிந்த கதை. அந்த அளவுக்குப் போக வேண்டியதில்லை. பெற்றோர் ஆசிரியர் சங்கத்தில் கேட்டால், பள்ளிக்கு ஒரு நடுத்தர அளவுத் தொகுதியும் ஒரு சிறிய அளவுத் தொகுதியும் வாங்க வழி பிறக்கும். கால்கவசமும் கிக்கரும் பழையதாகக் கிடைத்தாலும் பரவாயில்லை. தலைக்கவசமும் இடுப்புக் கவசமும் மட்டும் புதியதாக, பிள்ளையின் அளவுக்கே இருக்கட்டும்.

வீட்டில் செய்யச் செலவில்லாத பயிற்சி ஒன்று உண்டு. சுவருக்கு மூன்று மீட்டர் முன்னால் சுவரைப் பார்த்துப் பிள்ளையை நிற்க வைத்து, நீங்கள் அவளுக்குப் பின்னாலிருந்து டென்னிஸ் பந்தைச் சுவரில் எறியுங்கள். திரும்பி வருவதை வெறுங்கையால் தடுக்க வேண்டும், பிடிக்கக் கூடாது. வலம் இடம் மாற்றி மாற்றி, ஒரு நாளைக்குப் பத்து நிமிடம். பக்கத்து வீட்டு ஜன்னலைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆட்டம் முடிந்ததும் கவசங்களைப் பைக்குள் திணித்து மூடி வைக்காதீர்கள். நுரைப்பஞ்சு வியர்வையில் ஊறி இரண்டே நாளில் நாறிவிடும், அடுத்த வாரம் போட்டுக்கொள்ளப் பிள்ளையே முகம் சுளிக்கும். ஈரத்துணியால் துடைத்து, நிழலில், காற்றோட்டமாக, கிக்கரின் அடிப்பட்டைகளை அவிழ்த்துவிட்டு உலர்த்துங்கள். நேர் வெயில் வேண்டாம், நுரை வெடித்துவிடும்.